சீலிங்கில் ஒரு பலகை இல்லை

ஸ்க்ரூவின் தலையில் இருக்கும் கோடு கோணலாக இருந்தது. முதலில் என் கண்ணில் பட்டது அவ்வளவுதான். பொன்மலைப்பட்டியில் உன் தாத்தா வீட்டு முன்னறையில், கட்டிலுக்கு நேர் மேலே, மரச் சீலிங்கும் சுவரும் சேரும் இடத்தை மூடிக்கொண்டு ஒரு மெல்லிய பீடிங் சட்டம் ஓடும். அதில் வரிசையாக முடுக்கியிருந்த பித்தளை ஸ்க்ரூக்களில் இரண்டில் மட்டும் கோடு சரிந்து நின்றது. மற்றவற்றின் கோடெல்லாம் சட்டம் போகும் திசையிலேயே, ரூல் போட்ட நோட்டு மாதிரி நேராகப் போயின. அவற்றை முடுக்கியவள் நான். அந்த இரண்டையும் நான் அப்படி விட்டிருக்க மாட்டேன். எனக்கு அப்போது பதினேழு வயது. இத்தனை வருடம் இதை உன்னிடம் சொன்னதில்லை. இன்றைக்குச் சொல்கிறேன், கோபத்தில்தான் சொல்கிறேன். ஆறட்டும் என்று ஐந்து நாள் காத்திருந்தேன், ஆறவில்லை.

போன ஞாயிற்றுக்கிழமை ஸ்ரீரங்கத்தில் உன் புது வீட்டை மந்திரித்தார்கள். பங்குச் சாமியார் தீர்த்தம் தெளித்துவிட்டுப் போனதும் உன் மாமனார் வீட்டார், உன் ஆபீஸ்காரர்கள் எல்லோரும் ஹாலில் அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றார்கள். மரத்தில் தொங்கு சீலிங். அழகாகத்தான் இருந்தது. நானும் அண்ணாந்து பார்த்தேன். பார்த்துவிட்டு, பக்கத்தில் நின்ற உன் காண்ட்ராக்டரிடம் மெதுவாகக் கேட்டேன், “ஓரத்துல விரல் இடம் விடலையேப்பா?” அவர் சிரித்தார். “அதெல்லாம் அந்தக் காலம்மா. நீங்க போய் ஃபேனுக்குக் கீழ உக்காருங்க.” அதுகூடப் பரவாயில்லை. நீ வந்து என் தோளைப் பிடித்துக்கொண்டு எல்லோருக்கும் கேட்கிற மாதிரி சொன்னாய்: “எங்க தாத்தா பொன்மலையில கோச் கார்பெண்டர் சார். அவர் வீட்டு சீலிங்கை அம்மாதான் கூட நின்னு பண்ணாங்களாம். கடைசியில ஒரு பலகை பத்தல. செத்துப் போற வரைக்கும் அப்படியே ஓட்டையா விட்டுட்டார்!” எல்லோரும் சிரித்தார்கள். உன் மாமியார் மட்டும் சிரிக்காமல் என்னிடம் கேட்டார், “அப்ப ஸ்கூலுக்குப் போற வயசுதானங்க?” நான் வாயைத் திறப்பதற்குள் நீயே பதில் சொல்லிவிட்டாய். “அம்மாவுக்குப் படிப்பு ஏறல அத்தை. வீட்டுல எவ்வளவோ சொல்லிப் பார்த்தாங்களாம்.”

படிப்பு ஏறல. இந்த இரண்டு வார்த்தையை என்னைப் பற்றி முதலில் சொன்னது யார் என்று உனக்குத் தெரியாது. நீ காதில் விழுந்ததைச் சொன்னாய். என் அண்ணனும் அண்ணியும் சொல்லியிருப்பார்கள், நான் அடுப்படியில் இருக்கும்போது. நானே உன் பிராக்ரஸ் கார்டில் கையெழுத்துப் போடும்போது, “எனக்கென்னப்பா தெரியும்” என்று சொல்லியிருக்கிறேன். சொன்னது என் தவறு. ஆனால் எதிரே நின்று பேசுவது எனக்கு அன்றைக்கும் வராது, இன்றைக்கும் வராது. அதனால்தான் அன்றைக்கு உன் மாமியார் கையில் கேசரித் தட்டைக் கொடுத்துவிட்டு உள்ளே போய்விட்டேன். எழுத வரும். அதையாவது நீ படி.

உன் தாத்தா ஒர்க் ஷாப்பில் ரயில் பெட்டிக்கு உள்வேலை செய்யும் தச்சர். அந்த வருடங்களில் மரத்தில் செய்த பழைய பெட்டிகளையெல்லாம் உடைத்து மரத்தை ஏலம் விட்டார்கள். தவக்காலம் தொடங்குவதற்குக் கொஞ்சம் முன்னால், என் அண்ணனுக்குத் தஞ்சாவூரில் பெண் முடிவாயிற்று. பெண்ணுக்கு டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை. திருச்சிக்கு மாற்றல் வாங்கிக்கொண்டு வருவதாகப் பேச்சு. மாடி வீட்டில் வளர்ந்த பெண். எங்கள் வீடு ஓட்டு வீடு. “ஓட்டுல எலி ஓடினா அந்தப் பொண்ணு அலறும். மேலேர்ந்து தூசி கொட்டும். வெயில் நாள்ல அந்த ரூம்ல மனுஷன் படுக்க முடியுமா?” என்று அம்மா ஆரம்பித்தார். அப்பா இரண்டு நாள் யோசித்தார். மூன்றாம் நாள் ஒரு மாட்டு வண்டி நிறைய ரயில் பெட்டித் தேக்கு வந்து வாசலில் இறங்கியது. சில பலகைகளின் பின்புறம் பழைய பச்சை பெயிண்ட் அப்படியே இருந்தது. ஈஸ்டர் முடிந்து கல்யாணம். அதற்குள் முன்னறைக்கு மரச் சீலிங் தொங்கவிட வேண்டும்.

நான் அப்போது ஒன்பதாம் வகுப்பு, கன்னியர் பள்ளியில். அப்பாவுக்கு ஓர் ஆள் தேவைப்பட்டது. ஓட்டுக் கூரை சரிவாகப் போகும்; சீலிங் சமமாக நிற்க வேண்டும். அதற்கு ஒரு நீளமான டியூபில் தண்ணீர் ஊற்றி, இந்தச் சுவரில் ஒரு முனையும் அந்தச் சுவரில் ஒரு முனையுமாகப் பிடித்து, தண்ணீர் நிற்கும் இடத்தில் கோடு போடுவார்கள். பிடிக்கிறவர் கை ஆடக் கூடாது. “பெரியவன் சரிப்பட மாட்டான். அரை நிமிஷம் வாயை மூட மாட்டான், டியூப் குதிக்கும்” என்றார் அப்பா. “பாப்பாதான் சிலை மாதிரி நிப்பா.” அம்மா பத்து நாள் லீவு கேட்டு எழுதிக் கொடுத்தார். காய்ச்சல் என்று எழுதினார். எனக்குக் காய்ச்சல் இல்லை. பள்ளிக்கூடத்துக்கு அனுப்பிய முதல் பொய் அது. நான்தான் கொண்டுபோய்க் கொடுத்தேன்.

டியூபைப் பிடித்துக்கொண்டு நின்றபோது தண்ணீர் இரண்டு பக்கமும் ஏறி இறங்கி, பிறகு சமமாக நின்றது. அதற்குக் காரணம் என் விஞ்ஞானப் புத்தகத்தில் இருந்தது. படத்தோடு இருந்தது. அப்பாவிடம் சொல்ல வேண்டும் போல இருந்தது, சொல்லவில்லை. அவர் ஓட்டைத் தாங்கும் கைமரங்களில் இரும்புப் பட்டையை ஆணி அடித்துத் தொங்கவிட்டார். அந்தப் பட்டைகளில் குறுக்கும் நெடுக்குமாகச் சட்டம் கட்டினார். சட்டத்தில் அடியிலிருந்து பலகை. ஒவ்வொரு பலகையையும் நான் தலையாலும் இரண்டு கையாலும் தாங்கிக்கொண்டு நிற்க, அவர் ஓட்டை போடுவார். ஐந்தாவது பலகைக்குப் பிறகு திருப்புளியை என்னிடம் கொடுத்துவிட்டார். “முடுக்கு. முடுக்கி முடிச்சதும் கோட்டைப் பார். எல்லாக் கோடும் பலகை போற பக்கமே பாக்கணும். ஒண்ணு கோணினாலும் எங்க ஃபோர்மேன் பெட்டியையே வெளிய விட மாட்டான். பொட்டு கோணலா வச்ச மாதிரி இருக்குன்னு திட்டுவான்.” சுவர் ஓரத்துக்கு வந்ததும் நிறுத்தினார். “உன் சுண்டு விரலைக் கொடு. சுவருக்கும் பலகைக்கும் நடுவுல வை. தாராளமாப் போகுதா? நாலு பக்கமும் அந்த இடம் இருக்கணும். மழைக்கு மரம் ஊதும், வெயிலுக்குச் சுருங்கும். இடம் கொடுக்கலைன்னா முதுகைத் தூக்கிக்கிட்டுப் பேந்துக்கும்.” அந்த இடைவெளியை மறைக்கத்தான் பீடிங். எனக்கு அந்த வேலை பிடித்திருந்தது. அதையும் உன்னிடம் மறைக்க மாட்டேன். என் கைக்கு ஒரு வேலை வருகிறது என்று அப்பா சொல்லாமலே தெரிந்தது. ஆனால் பத்து நாளில் திரும்பிப் போகப் போகிறோம் என்ற நினைப்பில்தான் பிடித்திருந்தது. அதைப் புரிந்துகொள்.

பத்து நாள் இருபதாயிற்று. சீலிங் முடிந்தது. உப்புத்தாள் தேய்த்து எண்ணெய் பூச வேண்டும் என்றார்கள், அதுவும் முடிந்தது. பெண் வீட்டார் ஒருமுறை வீடு பார்க்க வந்தார்கள். அவர்களுக்குச் சமைக்க ஆள் வேண்டும் என்றார் அம்மா. வருடப் பரீட்சை வந்தது, போனது. கல்யாணம் முடிந்தது. அண்ணி எக்ஸ்சேஞ்சுக்கு ஷிப்ட் போகத் தொடங்கினார்கள். அண்ணன் ஒரு டிபன் டப்பா, அப்பா ஒரு டிபன் டப்பா, அண்ணி ஒரு டிபன் டப்பா. “நான் எப்பம்மா ஸ்கூலுக்குப் போறது?” என்று ஒரு நாள் கேட்டேன். அம்மா அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தார். நிமிரவில்லை. “சிஸ்டர் உன் பேரை அடிச்சுட்டாங்களாம்டி. நானே நேர்ல போய்க் கேட்டுட்டு வந்துட்டேன். இத்தனை நாள் வராத பிள்ளையை வச்சுக்க மாட்டாங்களாம்.” அப்பா வேலை விட்டு வந்ததும் அவரிடமும் அதையே சொன்னார். அப்பா சைக்கிளை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் அதன் மேலேயே கையை வைத்துக்கொண்டு நின்றார். “என்னாலதான்” என்றார்.

எங்கள் வீட்டிலிருந்து பள்ளிக்கூடம் இருபது நிமிட நடை. நான் நடந்துபோய்க் கேட்டிருக்கலாம். பள்ளி வாசலில் நின்று, “சிஸ்டர், நான்தான்” என்று சொன்னால் போதும். போகவில்லை. என்னோடு படித்தவர்கள் பார்ப்பார்களே என்று வெட்கம். காய்ச்சல் என்று எழுதிய பொய் தெரிந்திருக்குமோ என்று பயம். அம்மா மேல் எவ்வளவு கோபமோ அவ்வளவு கோபம் அந்த இருபது நிமிடத்தின் மேலும் எனக்கு உண்டு. நீ எந்த ஆபீஸிலாவது, எந்த வாசலிலாவது, யாரோ ஒருவர் சொன்னதை வைத்துக்கொண்டு திரும்பி வரப் பார்த்தால், என்னை நினைத்துக்கொள். நேரில் போய்க் கேள்.

அந்த வருடம் ஸ்ரீரங்கத்தில் ஒரு வாத்தியார் வீட்டில் பூஜை அறைக்குச் சின்னதாக ஒரு மரச் சீலிங் போடக் கேட்டார்கள். அப்பா ஞாயிற்றுக்கிழமை காலைப் பூசை முடிந்ததும் என்னையும் கூட்டிக்கொண்டு போனார். நான் ஏணி மேல் நின்று முடுக்குவதை அந்த வீட்டு மாமி கீழே நின்று பார்த்துக்கொண்டே இருந்தார். “பொண்ணா திருப்புளி பிடிக்கறா! பேஷ். ஏன்னா, இங்கே வந்து பாருங்கோளேன்!” என்று கணவரைக் கூப்பிட்டார். பிறகு என்னிடம், “எத்தனாவது படிக்கறேடிம்மா?” என்றார். நான் ஸ்க்ரூவைப் பார்த்துக்கொண்டேன். அப்பாதான் சொன்னார், “ஒன்பதோட நின்னுடுச்சுங்க. பள்ளிக்கூடத்துல பேரை எடுத்துட்டாங்க.” “ஏன், ஃபெயிலா?” “இல்லைங்க மாமி. நான்தான் பத்து நாள் நிறுத்தினேன். அது இப்படி ஆகிப் போச்சு.” மாமி உச்சுக் கொட்டிவிட்டு மோர் கொண்டுவந்து கொடுத்தார். அப்பா மோரை வாங்கிக் கையில் வைத்துக்கொண்டு குடிக்காமலே நின்றார். இதை ஏன் எழுதுகிறேன் என்றால், உன் தாத்தாவுக்குத் தெரியாது. அம்மா சொன்னதை அவரும் நம்பியிருந்தார். இது உனக்குத் தெளிவாகத் தெரிய வேண்டும்.

இப்போது அந்தக் கோணல் ஸ்க்ரூவுக்கு வருகிறேன். அண்ணன் கல்யாணம் முடிந்து ஒன்றரை வருடம் கழித்து, கிறிஸ்துமஸுக்கு முந்தைய வாரம். அப்பாவும் அண்ணனும் வேலைக்குப் போயிருந்தார்கள். அண்ணி காலை ஷிப்ட். அம்மா காந்தி மார்க்கெட்டுக்குச் சாமான் வாங்கப் போயிருந்தார். நான் கட்டில் மேல் ஏறி நின்று சீலிங்குக்கு எண்ணெய்த் துணி போட்டுத் துடைத்துக்கொண்டு வந்தேன். அந்த இரண்டு ஸ்க்ரூவையும் பார்த்தேன். கோடு மட்டும் கோணல் இல்லை. அதன் உதடு இரண்டும் கடித்துக் குதறிய மாதிரி இருந்தது. திருப்புளி போட்டால் அப்படி ஆகாது. எதையோ வைத்து நெம்பித் திருப்பியிருக்கிறார்கள், ஒரு தடவை இல்லை, பல தடவை. வெங்காயம் நறுக்கும் சின்னக் கத்தியின் முனை முறுக்கிக்கொண்டிருந்ததை நான் எப்போதோ பார்த்திருந்தேன். தேங்காய் நெம்பினேன் என்று அம்மா சொன்னார். கட்டில் மேல் நின்றால் அம்மாவுக்கும் அந்த இடம் எட்டும். அப்பாவாக இருக்காது என்று அவிழ்ப்பதற்கு முன்பே எனக்குத் தெரிந்துவிட்டது. முப்பது வருடத்தில் அவர் ஒரு ஸ்க்ரூவைக்கூட அப்படி விட்டதில்லை.

திருப்புளி எடுத்து வந்து பீடிங்கை இறக்கினேன். சுண்டு விரல் இடம் விட்டோமே, அதிலிருந்து மடித்த காகிதம் ஒன்று என் தோளில் விழுந்தது. இன்னொன்று கட்டிலில் விழுந்தது. மூன்றாவது ஒன்று உள்ளே சரிந்து, பலகையின் மேல் போய்க் கிடந்தது. நுனி மட்டும் தெரிந்தது. விரல் விட்டு இழுத்தால் இன்னும் உள்ளே போனது. அதனால் அந்தக் கடைசிப் பலகையையே எட்டு ஸ்க்ரூவும் கழற்றி இறக்க வேண்டியதாயிற்று.

மூன்றும் பள்ளிக்கூடத்துக் கடிதம். தலையில் மாதா படம், கீழே பள்ளி முத்திரை. மூன்றும் அப்பா பெயருக்கு. பள்ளி ஆயாவிடம் கொடுத்தனுப்பியிருக்கிறார்கள். ஆயா வரும் நேரம் அப்பா வேலையில் இருப்பார், நான் கொல்லையில் துணி துவைத்துக்கொண்டிருப்பேன். முதல் கடிதத்தில், காய்ச்சல் குணமாகிவிட்டதா, இன்னும் ஏன் பிள்ளை வரவில்லை என்று கேட்டிருந்தார்கள். இரண்டாவதில், அரைப் பரீட்சையில் கணக்கில் உங்கள் மகள்தான் வகுப்பில் முதல், வருடப் பரீட்சைக்குக் கண்டிப்பாக அனுப்புங்கள் என்று எழுதியிருந்தார்கள். மூன்றாவது ஜூனில் எழுதியது. பத்தாம் வகுப்பில் அவளுக்கு ஓர் இடம் வைத்திருக்கிறோம், விட்டுப்போன பரீட்சையைத் தனியாக எழுதிக்கொள்ளலாம், பள்ளிச் சம்பளம் கட்ட வேண்டாம், தகப்பனார் ஒரு முறை நேரில் வாருங்கள் என்று அதில் இருந்தது. பெரிய சிஸ்டர் கையெழுத்து. என் பேரை யாரும் அடிக்கவில்லை. என் பேரைச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டே இருந்திருக்கிறார்கள்.

ஏன் அம்மா அவற்றை அடுப்பில் போடவில்லை என்று நீ கேட்பாய். மாதா படம் போட்ட காகிதத்தை எங்கள் வீட்டில் யாரும் எரிக்க மாட்டார்கள். கிழிக்கவும் மாட்டார்கள். பழைய நாள்காட்டியின் படத்தைக்கூட அம்மா வெட்டி எடுத்து ஜெபப் புத்தகத்தில் வைத்துக்கொள்வார். பெட்டியில் வைத்தால் அப்பா பார்ப்பார், அரிசிப் பானையில் வைத்தால் நான் பார்ப்பேன். அதனால் மாதாவை எங்கள் தலைக்கு மேலே ஏற்றி வைத்துவிட்டு, அதற்குக் கீழே உட்கார்ந்து தினமும் சாயந்திரம் எங்களோடு ஜெபமாலை சொன்னார். அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு உடம்பு எரிகிறது. பொய் சொல்ல முடிந்தது, காகிதத்தைக் கிழிக்க முடியவில்லை!

அம்மாவை நான் கேட்கவே இல்லை. அவரும் சொல்லவில்லை. வேலைக்குப் போகும் மருமகள் வருகிறாள், வீட்டில் ஒரு ஜோடிக் கை வேண்டும் என்று கணக்குப் போட்டிருப்பார். அவருக்கு மூட்டு வலி அப்போதே உண்டு. இதெல்லாம் பிற்பாடு நானாகச் சேர்த்து வைத்துக்கொண்ட காரணங்கள். காரணம் இருப்பதால் அது சரியாகிவிடாது. சொந்தக்காரர்கள் கேட்கும்போதெல்லாம், “அவளுக்குப் படிப்பு ஏறல” என்று என் முன்னாலேயே சொன்னார். அந்த வாக்கியத்தைச் செய்தது அவர்தான். போன ஞாயிற்றுக்கிழமை அது உன் வாயிலிருந்து வந்தபோது அவர் குரலே எனக்குக் கேட்டது.

அன்றைக்கு அப்பா வேலை விட்டு வந்து, சட்டையைக் கழற்ற முன்னறைக்குப் போனார். மேலே பார்த்தார். சுவர் ஓரம் ஒரு சாண் அகலத்துக்கு, பலகை நீளத்துக்குக் கறுப்பாகத் திறந்து கிடந்தது. ஓட்டு இடுக்கு வெளிச்சம் தெரிந்தது. ஜன்னல் விளிம்பில் ஸ்க்ரூக்களை நான் வரிசையாக வைத்திருந்தேன். கடித்துக் குதறிய இரண்டையும் அவர் தனியாக எடுத்து உள்ளங்கையில் உருட்டிப் பார்த்தார். பிறகு என் இடுப்பில் துருத்திக்கொண்டிருந்த கடிதங்களைப் பார்த்து, கேட்காமலே கை நீட்டினார். கொடுத்தேன். நின்றபடியே மூன்றையும் படித்தார். மடித்துத் திருப்பிக் கொடுத்துவிட்டு அடுப்படி வாசலைப் பார்த்தார். அம்மா அங்கே நின்றுகொண்டிருந்தார். கொல்லையில் மிச்சத் தேக்கு நான்கு பலகை கிடந்தது. அரை மணி நேர வேலை. உன் தாத்தா அந்த இடத்தில் வேறு பலகை போடவே இல்லை. வருகிறவர்கள் கேட்டால், “பலகை பத்தலைங்க” என்பார். நீ ஆறு வயதில் கேட்டாய், உன்னிடமும் அதையேதான் சொன்னார். அம்மாவைக் காட்டிக் கொடுக்கவும் இல்லை, அதை மூடவும் இல்லை. நீ அதைச் சொல்லித்தான் எல்லோரையும் சிரிக்க வைத்தாய்.

அம்மா கடைசியாகப் படுக்கையில் கிடந்தது அந்தக் கட்டிலில்தான். நான்தான் ஆறு மாதம் பார்த்தேன்; உன்னை உன் அப்பாவிடம் விட்டுவிட்டுப் போயிருந்தேனே, நினைவிருக்கும். மல்லாந்து படுத்தால் அவர் கண் நேராக அங்கேதான் போகும். ஒரு நாள் கஞ்சி கொடுக்கும்போது சொன்னார், “அதை அடைச்சிருக்கலாம்டி.” “எதை வச்சும்மா அடைக்கறது?” என்று கேட்டேன். வாயைத் திறந்தார். கஞ்சிதான் கேட்கிறார் என்று நான் அடுத்த கரண்டியைக் கொடுத்துவிட்டேன். வேறு ஏதாவது சொல்ல வந்தாரோ என்னவோ. அந்தக் கரண்டியைக் கொஞ்சம் பொறுத்துக் கொடுத்திருக்கலாம். அதுவும் என் கணக்கில்தான்.

உன்னிடமும் ஒரு தவறு செய்தேன். ஏழு வயதில் நீ தாத்தாவின் கருவிப் பெட்டியைத் திறந்து இழைப்புளியை எடுத்தாய். அவர் சந்தோஷமாக உனக்கு ஒரு துண்டுப் பலகை எடுத்துக் கொடுத்தார். நான் ஓடி வந்து உன் கையில் அடித்து, தரதரவென்று இழுத்துக்கொண்டு போய் நோட்டின் முன்னால் உட்கார வைத்தேன். மரத்தைத் தொட்டால் படிப்புப் போய்விடும் என்று எனக்குப் பைத்தியக்காரப் பயம். அதற்குப் பிறகு தாத்தா உன்னைக் கூப்பிடவில்லை. நீ படித்தாய், சம்பாதித்தாய். ஆனால் மரம் ஊதும் என்பது உனக்குத் தெரியாமல் போயிற்று. அதனால்தான் உன் காண்ட்ராக்டர் சுவரோடு சுவராகப் பலகையை நெருக்கி அடித்துவிட்டு உன் முன்னாலேயே என்னை ஃபேனுக்குக் கீழே போகச் சொல்ல முடிந்தது. நீயும் பார்த்துக்கொண்டு நின்றாய். ஐப்பசியில் காவேரிக் கரைக் காற்று அந்த ஹாலுக்குள் வரும். அப்போது அண்ணாந்து பார்.

அதனால் இரண்டு காரியம் செய். அந்த ஆளைக் கூப்பிட்டு நாலு ஓரமும் பிரித்து விரல் இடம் விடச் சொல். அவன் சிரித்தால் நான் வந்து பக்கத்தில் நிற்கிறேன். உள் அறைக்கு இன்னும் பலகை ஏற்றவில்லை என்று பார்த்தேன். அங்கே டியூப் பிடிக்க ஆள் வேண்டுமென்றாலும் வருகிறேன். என் கை இன்னும் ஆடாது. இரண்டாவது, உன் மாமியாரிடம் போய், நீ சொன்னது பொய் என்று உன் வாயால் சொல். நான் சொல்லிக்கொள்ள மாட்டேன். நீதான் சொன்னாய், நீதான் திருப்பி எடுக்க வேண்டும். மூன்று கடிதத்தையும் இதோடு வைத்திருக்கிறேன். இரண்டாவதில் கணக்கு மார்க் இருக்கிறது, அதையும் படித்துக் காட்டு. எண்ணெய்க் கறை இருக்கும். அது அன்றைக்கு என் கையில் இருந்தது.

அந்தப் பலகை எங்கே போயிற்று என்பதைத்தான் நான் இன்னும் எழுதவில்லை. அன்றைக்கு மூன்று கடிதத்தையும் படித்து முடித்தபோது பலகை தரையில் என் காலடியில் கிடந்தது, பச்சை பெயிண்ட் மேலே தெரிய. மணி பதினொன்று இருக்கும். அம்மா மார்க்கெட்டிலிருந்து வரும் நேரம். கடிதங்களை இடுப்பில் செருகிக்கொண்டேன். அப்பாவின் ரம்பத்தை எடுத்து வந்து, பலகையின் மேல் ஒரு காலை வைத்து மிதித்துக்கொண்டு, அடுப்புக்குள் நுழையும் அளவுக்கு ஐந்து துண்டாக அறுத்தேன். நல்ல தேக்கு, கை கடுத்துப் போயிற்று. அடுப்பில் அடுக்கி, கொஞ்சம் சீமெண்ணெய் விட்டுப் பற்ற வைத்தேன். பெயிண்ட் பொரிந்து நாற்றம் வாசல் வரைக்கும் போயிற்று. உலைப் பானையை ஏற்றினேன். வாசலில் அம்மா ரிக்ஷாக்காரரோடு பேசும் சத்தம் கேட்டது. நான் திரும்பிப் பார்க்கவில்லை. தண்ணீர் கொதித்ததும், ஐந்து பேருக்கு அளந்து, அரிசியைக் களைந்து உலையில் போட்டேன்.